நெட்ஃபிளிக்ஸின் ஆண்டுக் கணக்கும் மூன்று வருடக் குத்தகைத் தோப்பும்

23 ஜனவரி 2025. கேள்வி: பாலக்கோட்டிலிருந்து ஒரு வாசகர்

அண்ணா, நெட்ஃபிளிக்ஸ் நிறுவனம் 2024ஆம் ஆண்டுக் கணக்கை வெளியிட்டிருக்கிறது. வருவாய் 3,900 கோடி டாலர், நிகர லாபம் 871 கோடி டாலர், வளர்ச்சி 16 சதவீதம் என்கிறார்கள். ஆனால் ஆண்டு முழுவதும் கையில் மிஞ்சிய ரொக்கம் 692 கோடி டாலர்தான். மீதி லாபம் எங்கே போயிற்று? 2019ஆம் ஆண்டிலோ 187 கோடி டாலர் லாபம் காட்டிக்கொண்டே கடன் பத்திரமும் விற்றிருக்கிறார்கள். லாபம் சம்பாதிப்பவன் எதற்குக் கடன் வாங்க வேண்டும்? இந்த லாபம் வெறும் காகித லாபமா? ஓசூரில் வேலை பார்க்கிறேன். போனஸ் பணத்தை இந்தப் பங்கில் போடலாமா என்ற யோசனையில் கேட்கிறேன்.

24 ஜனவரி 2025, இரவு

பங்கு வாங்குவதா வேண்டாமா என்பதை நான் சொல்லப் போவதில்லை, தம்பி. நான் காவேரிப்பட்டணத்தில் மாம்பழ மண்டிகளுக்குக் கணக்கு எழுதுகிறவன். அந்தக் கேள்விக்கு எனக்குத் தகுதி இல்லை. லாபம் எங்கே போயிற்று என்ற கேள்விக்கு மட்டும் ஓரளவு தகுதி உண்டு, ஏனென்றால் அதே கேள்வியை வருடா வருடம் மண்டிக்காரர்கள் என்னிடம் கேட்கிறார்கள்.

ஒருவர் சந்தூர்ப் பக்கம் ஒரு தோப்பை மூன்று வருடக் குத்தகைக்கு எடுக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். குத்தகைப் பணம் ஆறு லட்சத்தையும் முதல் நாளே தோப்புக்காரர் கையில் கொடுத்துவிடுகிறார். மரமோ மூன்று வருடமும் காய்க்கும். பேரேட்டில் அந்த ஆறு லட்சத்தையும் முதல் வருடச் செலவாகவே எழுதினால், முதல் வருடம் பெருநஷ்டமும் அடுத்த இரண்டு வருடங்கள் பெருலாபமும் தெரியும். இரண்டுமே உண்மை அல்ல. ஆகவே குத்தகையை மூன்று வருடங்களுக்கும் பங்கிட்டு எழுதுகிறோம். நெட்ஃபிளிக்ஸ் செய்வதும் இதுதான். படத்துக்கும் தொடருக்கும் கொடுத்த பணத்தை ஐந்தொகையில், அதாவது சொத்தையும் கடனையும் காட்டும் பட்டியலில், சொத்தாக ஏற்றி, மக்கள் பார்க்கப் பார்க்க வருடவாரியாகச் செலவில் கழிக்கிறது. 2024இல் அவ்வாறு கழித்த தொகை சுமார் 1,530 கோடி டாலர். அதே ஆண்டில் படங்களுக்காகக் கையிலிருந்து உண்மையில் போன ரொக்கம் சுமார் 1,700 கோடி டாலர். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் 170 கோடி. உங்கள் 871இலிருந்து அந்த 170ஐக் கழித்தால் 701 வருகிறது. 692க்கும் 701க்கும் இடையில் இருப்பது மற்ற சில்லறை வரவுசெலவு. லாபம் எங்கும் ஓடிவிடவில்லை; அடுத்த வருடத் தோப்புகளில் முன்பணமாகக் கிடக்கிறது.

ஒப்பிட்டுப் பார்க்க ரூபாயில் சொல்கிறேன்: 3,900 கோடி டாலர் என்பது ஒரு டாலருக்கு 86 ரூபாய் என்ற கணக்கில் சுமார் 33,500 கோடி ரூபாய்.

25 ஜனவரி 2025

நேற்று ஒரு சைபரை விழுங்கிவிட்டேன். 33,500 கோடி அல்ல, 3.35 லட்சம் கோடி ரூபாய். தமிழ்நாடு அரசு 2024-25 வரவுசெலவுத் திட்டத்தில் எதிர்பார்த்த மொத்த வருவாய் வரவே சுமார் 2.99 லட்சம் கோடிதான் என்பதைப் பார்த்தால், நான் விழுங்கிய சைபர் சாதாரண சைபர் அல்ல. மண்டியில் இப்படி எழுதியிருந்தால் மறுநாள் என் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்திருப்பார்.

27 ஜனவரி 2025

2019ஆம் ஆண்டை விட்டுவிட்டேன். உங்கள் கேள்வியில் கனமான பகுதி அதுதான்.

அந்த வருடம் படங்களுக்காக வெளியே போன ரொக்கம் சுமார் 1,460 கோடி டாலர். செலவாக எழுதியது சுமார் 920 கோடி. வித்தியாசம் 540 கோடி. காட்டிய லாபமோ 187 கோடிதான். 187இலிருந்து 540ஐக் கழித்தால் என்ன வரும் என்பதற்குக் கணக்குப்பிள்ளை தேவையில்லை. அந்த ஆண்டில் 300 கோடி டாலருக்கு மேல் ரொக்கம் பற்றாக்குறையாகி, அதைக் கடன் பத்திரம் விற்று அடைத்தார்கள். பொய்க் கணக்கு என்று யாரும் சொல்ல முடியாது. எழுதிய முறை எல்லோருக்கும் தெரிந்த முறை. ஆனால் ஒரு மண்டிக்காரர் வருடத்துக்கு வருடம் இன்னும் பெரிய தோப்பாக எடுத்துக்கொண்டே போனால், பேரேடு லாபம் என்று சொல்லும், இரும்புப்பெட்டி காலி என்று சொல்லும். அப்போது பெட்டியை நம்புங்கள், பேரேட்டை நம்பாதீர்கள். என் முடிவு இதுதான்.

2 பிப்ரவரி 2025

ஒரு வாசகர், "பங்கிட்டு எழுதுவது சரிதான் என்றால், எப்படிப் பங்கிடுவது என்பதை யார் தீர்மானிப்பது?" என்று கேட்கிறார். இதற்குப் பதில் சொல்ல என் சொந்தக் கதையைத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. பல வருடங்களாக இதை வீட்டில் யாரும் பேசுவதில்லை.

மேலே சொன்ன ஆறு லட்ச ரூபாய்த் தோப்பு கற்பனை அல்ல. நானும் என் மைத்துனரும் சேர்ந்து எடுத்தது. பெரும்பகுதி பெங்களூரா ரக மாமரம், ஓரத்தில் கொஞ்சம் செந்தூரா. கணக்கு எழுதத் தெரிந்தவன் என்பதால் பேரேடு என் பொறுப்பு. வருடத்துக்கு இரண்டு லட்சம் என்று சமமாகப் பங்கிட்டேன். முதல் வருடம் நல்ல காய்ப்பு. விற்றது ஐந்து லட்சம். மருந்தடிப்பு, காவல், பறிப்புக் கூலி, வண்டி வாடகை எல்லாம் சேர்த்து ஒரு லட்சத்து நாற்பதாயிரம். குத்தகைப் பங்கு இரண்டு லட்சத்தையும் கழித்து ஒரு லட்சத்து அறுபதாயிரம் லாபம் என்று எழுதிக் கீழே இரட்டைக் கோடு போட்டேன். ஆளுக்கு எண்பதாயிரம் எடுத்துக்கொண்டோம். எங்கள் வீட்டில் ஒரு சங்கிலியும், அவர் வீட்டில் ஒரு பழைய மோட்டார் சைக்கிளும் வந்தன. அந்த ஆண்டு முடிவில் உண்மையில் எங்கள் கையை விட்டுப் போயிருந்தது, வந்த பணம் போக, இரண்டு லட்சத்து நாற்பதாயிரம். அதை அன்று நாங்கள் கூட்டிப் பார்க்கவே இல்லை.

இரண்டாம் வருடம் மரம் ஓய்வெடுத்துக்கொண்டது. பூத்ததும் மழையில் உதிர்ந்தது. விற்பனை இரண்டு லட்சத்துப் பத்தாயிரம், செலவு ஒரு லட்சத்து இருபதாயிரம். மூன்றாம் வருடம் விற்பனை இரண்டு லட்சத்து அறுபதாயிரம், பூச்சிமருந்துக்கே கூடுதலாகச் செலவழித்ததில் செலவு ஒன்றரை லட்சம். மூன்று வருடங்களையும் கூட்டினால் நிகர நஷ்டம் நாற்பதாயிரம். நாற்பதாயிரம் நஷ்டப்பட்ட ஒரு வியாபாரத்தில் நாங்கள் ஒரு லட்சத்து அறுபதாயிரத்தைப் பங்கு பிரித்து எடுத்திருந்தோம். சங்கிலி அடகுக் கடைக்குப் போயிற்று. மோட்டார் சைக்கிளை மைத்துனர் விற்க மறுத்துவிட்டார். அந்த வருத்தம் தனி.

இப்போது அதே கணக்கை முதல் வருடம் அறுபது, இரண்டாம் வருடம் இருபத்தைந்து, மூன்றாம் வருடம் பதினைந்து சதவீதம் என்று எழுதியிருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று நேற்றிரவு போட்டுப் பார்த்தேன். முதல் வருட லாபம் சரியாகப் பூஜ்யம். இரண்டாம் வருடம் அறுபதாயிரம் நஷ்டம். மூன்றாம் வருடம் இருபதாயிரம் லாபம். மொத்தத்தில் அதே நாற்பதாயிரம் நஷ்டம்தான். ஆனால் சங்கிலி வாங்கியிருக்க மாட்டோம்.

நெட்ஃபிளிக்ஸ் சமமாகப் பங்கிடுவதில்லை. புதிய படத்தை முதல் சில மாதங்களில்தான் அதிகம் பேர் பார்க்கிறார்கள் என்பதால் முதலிலேயே அதிகமாகக் கழிக்கிறது. ஒரு படம் வெளியான மாதத்திலிருந்து நான்கு ஆண்டுகளுக்குள் சராசரியாக 90 சதவீதத்துக்கு மேல் செலவில் போய்விடும் என்று அதன் ஆண்டறிக்கையே சொல்கிறது. உச்சவரம்பு பத்து ஆண்டுகள். இந்த ஒரு வாக்கியத்தைப் படித்த பிறகுதான் எனக்கு அந்த நிறுவனத்தின் மீது கொஞ்சம் மரியாதை வந்தது. ஆனாலும் அது நிர்வாகத்தின் மதிப்பீடுதான். அந்த வேகத்தைக் கொஞ்சம் தளர்த்தினாலே ஒரு படமும் கூடுதலாக ஓடாமல் லாபம் ஏறும். ஆகவே ஆண்டறிக்கையில் வளர்ச்சி விகிதம் அச்சிட்ட பக்கத்தைவிட இந்த வாக்கியம் இருக்கும் பக்கம் முக்கியம்.

9 பிப்ரவரி 2025

போச்சம்பள்ளியிலிருந்து எழுதும் ஒருவர் என் உவமையையே மறுத்திருக்கிறார். குத்தகை முடிந்தால் தோப்பு சொந்தக்காரரிடம் திரும்பிவிடும், ஆனால் நெட்ஃபிளிக்ஸ் தானே எடுத்த படம் என்றைக்கும் அதனுடையதுதானே என்கிறார். அவர் சொல்வது சரி. பிறரிடம் வாங்கி ஒளிபரப்பும் படம் குத்தகைத் தோப்பு. சொந்தமாக எடுப்பது நாமே நட்ட மரம். நட்ட மரத்தின் கிரயத்தைப் பத்து வருடத்துக்குள் முழுவதும் கழித்துவிட்டு, பதினோராம் வருடமும் அதில் காய் பறிக்கலாம். அப்படியானால் பழைய சொந்தப் படங்கள் ஐந்தொகையில் பூஜ்ய மதிப்பில் இருந்துகொண்டே சந்தாதாரரைப் பிடித்து வைத்திருக்கின்றன. அந்த அளவுக்கு லாபம் குறைத்துக் காட்டப்படுகிறது என்றும் வாதிடலாம். நான் பாதி ஒப்புக்கொள்கிறேன். மீதிப் பாதிக்கு என் தயக்கம், எத்தனை பேர் ஏழு வருடத்துக்கு முந்தைய தொடரை மீண்டும் உட்கார்ந்து பார்க்கிறார்கள் என்பதுதான். கிழட்டு மரமும் மரம்தான், ஆனால் குத்தகை பேச வருகிறவன் அதன் பக்கம் திரும்பிப் பார்ப்பதில்லை.

16 பிப்ரவரி 2025

சந்தாதாரர் எண்ணிக்கையை ஏன் பேசவில்லை என்று இருவர் கேட்டிருக்கிறார்கள். பேசுகிறேன்.

2024 முடிவில் 30.16 கோடி சந்தாக்கள். அந்த ஒரு வருடத்தில் மட்டும் நான்கு கோடிக்கு மேல் கூடியது. கடைசிக் காலாண்டில் மட்டும் 1.89 கோடி. அமெரிக்கா, கனடா இரண்டும் சேர்ந்து 8.96 கோடி சந்தாக்கள், அதாவது மொத்தத்தில் முப்பது சதவீதம். வருவாயிலோ ஏறக்குறைய நாற்பத்தைந்து சதவீதம். ஆசிய-பசிபிக் பகுதியில் 5.75 கோடி சந்தாக்கள், பத்தொன்பது சதவீதம். வருவாயில் பதினொரு சதவீதம்தான். அங்கே ஒரு சந்தாவுக்கு மாதம் சுமார் 17 டாலர் கிடைக்கிறது, இங்கே சுமார் 7 டாலர். அந்த 7 டாலரும் ஜப்பான், கொரியா, ஆஸ்திரேலியா சேர்ந்த சராசரி. இந்தியக் கணக்கைத் தனியாக வெளியிடுவதில்லை என்றாலும், 2021 டிசம்பரில் கைப்பேசித் திட்டத்தை 199 ரூபாயிலிருந்து 149 ரூபாய்க்கு இறக்கியவர்களுக்கு நம்மால் என்ன கிடைக்கும் என்பதை ஊகிக்கலாம்.

இந்த 149 ரூபாயைப் பார்த்தால் எனக்குப் பர்கூரில் கேபிள் நடத்தும் தம்பியின் நினைவுதான் வருகிறது. 2019 பிப்ரவரியில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் கட்டண முறை வந்தபோது அடிப்படைக் கட்டணம் 130 ரூபாய், அதன்மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி. சேர்த்து 153 ரூபாய் 40 காசு. அந்த நாற்பது காசை ஒருவரும் கொடுத்ததில்லை. அவனுடைய நோட்டில் 640 இணைப்புகள் இருந்தன. பத்தாம் தேதிக்குள் பணம் வந்து டிக் அடித்த பெயர்கள் நானூறைத் தாண்டியதில்லை. மீதிப் பெயர்களுக்கு நேராகப் பென்சிலால் "ஊரில் இல்லை", "அறுவடைக்குப் பிறகு", "பெட்டி பழுது" என்று எழுதியிருப்பான். யாராவது எத்தனை இணைப்பு என்று கேட்டால் 640 என்றுதான் சொல்வான். வளர்ச்சி என்ற சொல்லைக் கேட்கும்போதெல்லாம் அந்தப் பென்சில் எழுத்துதான் என் கண்முன் வருகிறது.

நெட்ஃபிளிக்ஸில் பணம் முன்கூட்டியே வந்துவிடுவதால் பென்சில் குறிப்பு தேவையில்லை. ஆனால் புதிய சந்தாக்களில் ஒரு பகுதி, ஏற்கெனவே அடுத்த வீட்டுக் கடவுச்சொல்லில் பார்த்துக்கொண்டிருந்தவர்கள். அமெரிக்காவில் 2023 மே மாதத்திலும் இந்தியாவில் ஜூலையிலும் அந்தப் பகிர்வைத் தடுத்தார்கள். அது ஒரு முறை பறிக்கிற காய்.

2 மார்ச் 2025

ஜனவரி 27ஆம் தேதிக் குறிப்பில் பெட்டியை நம்புங்கள் என்று அடித்துச் சொல்லியிருந்தேன். அதைத் திரும்பப் பெறுகிறேன்.

2023ஆம் ஆண்டைப் பாருங்கள். நிகர லாபம் 541 கோடி டாலர். கையில் மிஞ்சிய ரொக்கமோ சுமார் 690 கோடி. என் பழைய வாதப்படி இது லாபத்தைவிட உயர்ந்த தங்கமான வருடம். ஆனால் அந்த ஆண்டு மே மாதத்தில் ஹாலிவுட் எழுத்தாளர்களும் ஜூலையில் நடிகர்களும் வேலைநிறுத்தம் தொடங்கினார்கள். நடிகர்கள் நவம்பரில்தான் திரும்பினார்கள். படப்பிடிப்பு நின்றதால் படங்களுக்குப் போன ரொக்கம் சுமார் 1,310 கோடியாகச் சுருங்கியது. செலவில் கழித்ததோ 1,420 கோடி. 2020இல் கொரோனாவின்போதும் இதேதான் நடந்தது: முந்தைய ஆண்டு 300 கோடிக்கு மேல் பற்றாக்குறையில் இருந்த நிறுவனம், படப்பிடிப்பு நின்ற ஆண்டில் 190 கோடி உபரி காட்டியது. இந்த வருடம் தோப்பே எடுக்காத மண்டிக்காரரின் பெட்டியும் நிறைந்துதான் இருக்கும். அடுத்த சித்திரையில் அவரிடம் விற்கக் காய் இருக்காது, அவ்வளவுதான்.

ஆகவே பெட்டியும் தனியாக நின்று சாட்சி சொல்லத் தகுதியற்றது. இரண்டையும் பக்கத்தில் வைத்து, கையிலிருந்து போனது செலவாக எழுதியதைப்போல் எத்தனை மடங்கு என்று நான்கைந்து வருடங்களுக்குப் பார்க்க வேண்டும். 2019இல் அது 1.6 மடங்கு, 2023இல் ஒன்றுக்கும் கீழே, 2024இல் 1.1. இந்த 1.1ஐத்தான் நிறுவனமே தன் இலக்காகச் சொல்கிறது. 2024ஆம் ஆண்டின் 16 சதவீத வளர்ச்சியை நான் மதிப்பதற்குக் காரணம் இதுதான். 2021இல் 19 சதவீதமாக இருந்த வளர்ச்சி, முன்பாதியில் சந்தாக்கள் குறைந்த 2022இல் 6 சதவீதமாக விழுந்து, மறுவருடம் 7இல் தேங்கி, பிறகு 16க்கு வந்திருக்கிறது. இறங்கிய காலத்தில் எழுதிய கணக்கும் ஏறிய காலத்தில் எழுதிய கணக்கும் ஒரே முறையில் இருக்கின்றன.

20 ஏப்ரல் 2025

முதல் காலாண்டுக் கணக்கு வந்துவிட்டது. வருவாய் 1,054 கோடி டாலர், 12.5 சதவீத வளர்ச்சி. செயல்பாட்டு லாபம், அதாவது வட்டியும் வரியும் கழிப்பதற்கு முந்தைய லாபம், வருவாயில் 31.7 சதவீதம். முன்பே அறிவித்தபடி இந்தக் காலாண்டிலிருந்து சந்தாதாரர் எண்ணிக்கை இல்லை. வருவாயையும் லாப விகிதத்தையும் பாருங்கள் என்கிறார்கள். எண்ணிக்கை ஏறும்போதெல்லாம் அதையே மாலையாகப் போட்டுக்கொண்டவர்கள், 30 கோடியைத் தாண்டியதும் மாலையைக் கழற்றி உள்ளே வைத்துவிட்டார்கள். இணைப்பு எத்தனை என்பதைவிட வசூல் எத்தனை என்பதே சரியான கேள்வி என்று பிப்ரவரியில் நானே எழுதியதால் எனக்கு வாய் திறக்க உரிமையில்லை. இருந்தாலும் எரிச்சலாக இருக்கிறது. விலை ஏற்றியதால் வருவாய் வளர்ந்ததா, ஆள் கூடியதால் வளர்ந்ததா என்பதை இனி வெளியிலிருந்து பிரித்துப் பார்க்க முடியாது.

28 ஜூன் 2025

மண்டியில் வேலை நெருக்கடி, ஆகவே சுருக்கமாக. இந்த வருடம் பெங்களூரா விலை கிலோ நான்கு, ஐந்து ரூபாய் வரை இறங்கிவிட்டது. பறிப்புக் கூலிக்கே கட்டவில்லை என்று சிலர் மரத்திலேயே விட்டுவிட்டார்கள். மாங்கூழ்த் தொழிற்சாலை வாசலில் டிராக்டர்கள் வரிசையில் நிற்கின்றன. காய் வெயிலில் பழுக்கிறது.

இதில் நெட்ஃபிளிக்ஸ் எங்கே வந்தது என்றால், நேற்று ஒரு வியாபாரி அடுத்த வருடத் தோப்புகளுக்குத் தருவதாக வாயால் ஒப்புக்கொண்ட முன்பணங்களைத் தனித் துண்டுச் சீட்டில் வைத்திருந்ததைப் பார்த்தேன். அது பேரேட்டில் ஏறாது, ஏனென்றால் பணம் இன்னும் போகவில்லை. ஆனால் கடன் கடன்தான். நெட்ஃபிளிக்ஸின் 2024 ஆண்டறிக்கையிலும் அப்படி ஒரு துண்டுச் சீட்டு இருக்கிறது: எதிர்காலப் படங்களுக்காகக் கொடுக்க ஒப்புக்கொண்ட தொகை சுமார் 2,300 கோடி டாலர். அதில் ஒரு பகுதிதான் ஐந்தொகையில் பொறுப்பாக ஏறியிருக்கிறது. மீதி பின்குறிப்பில்தான் இருக்கிறது. இதுதவிரக் கடன் பத்திரங்கள் சுமார் 1,560 கோடி. ஜனவரியில் இதைச் சொல்லாமல் விட்டது என் குறை. ஒரு ஆண்டின் வருவாய் 3,900 கோடி என்பதால் இது பயப்படும் அளவு அல்ல. ஆனால் எங்கள் வியாபாரியின் சீட்டுக்கும் விலை கிலோ இருபது ரூபாய் இருந்தபோது யாரும் பயப்படவில்லை.

19 ஜூலை 2025

இரண்டாம் காலாண்டு: வருவாய் 1,108 கோடி டாலர், 16 சதவீத வளர்ச்சி, செயல்பாட்டு லாபம் 34.1 சதவீதம். ஆண்டு மதிப்பீட்டையும் 4,480 முதல் 4,520 கோடி வரை என்று உயர்த்தியிருக்கிறார்கள். அந்த உயர்வில் பெரும்பகுதி டாலர் மதிப்பு இறங்கியதால் வந்தது. அது அவர்கள் சாமர்த்தியம் அல்ல. மறுநாளே பங்கு விலை சுமார் 5 சதவீதம் விழுந்தது. நல்ல கணக்குக்கு ஏன் இந்தத் தண்டனை என்று பாலக்கோட்டுத் தம்பி கேட்கிறார். பங்கு விலையின் மனத்தைப் படிக்க எனக்குத் தெரியாது. கணக்கில் தெரிவதைச் சொல்கிறேன்: பின்பாதியில் பெரிய படங்கள் வரிசையாக வருவதால் செலவில் கழிக்கும் தொகையும் விளம்பரச் செலவும் கூடும், லாப விகிதம் முன்பாதியைவிடக் குறையும் என்று நிறுவனமே அறிவித்திருக்கிறது. இரண்டாம் காலாண்டில் கண்ட 34 சதவீதத்தை வருடம் முழுவதற்கும் நீட்டிக் கணக்குப் போட்டவர்கள், என்னைப்போல் முதல் வருடமே சங்கிலி வாங்கியவர்கள்.

தம்பி போனஸில் பாதியைப் போட்டிருப்பதாகவும், மீதியைப் போடலாமா என்றும் கேட்டிருக்கிறார். முதல் குறிப்பில் சொன்னதுதான் இப்போதும் பதில்.

போன வாரம் என் மைத்துனர் அதே மோட்டார் சைக்கிளில் வந்திருந்தார். சந்தூர்த் தோப்புக்காரர் மறுபடியும் மூன்று வருடத்துக்குக் கொடுக்கத் தயாராம். விலை விழுந்திருப்பதால் நாலரை லட்சத்துக்கு முடிக்கலாம் என்கிறார். எடுப்பதானால் அறுபது, இருபத்தைந்து, பதினைந்து என்றுதான் எழுதுவேன், முதல் வருடம் ஒரு ரூபாய்கூடப் பங்கு பிரிக்க மாட்டேன் என்று சொல்லியிருக்கிறேன். யோசித்துச் சொல்வதாகப் போனவர் இன்னும் கூப்பிடவில்லை.